அச்சில்லாத நகல்

அத்தியாயம் 7

"கையெழுத்துப் போட்டா பெட்டியைக் கொடுத்துடுவாங்களாம்."

சிட்டுவின் அம்மா இதைச் சொன்னபோது அவள் குரலில் அழுகை இல்லை. அழுது ஓய்ந்தவளின் வறட்சிதான் இருந்தது. கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்ப்பவள் அவள். விரல் நுனிகளில் தேய்ப்புப் பொடி ஏறிப்போய் வெளுத்துக் கிடந்தது. அந்த விரல்களால் கைப்பையின் ஜிப்பைத் திறப்பதும் மூடுவதுமாக இருந்தாள்.

பரிசோதனைக் கூடத்தின் வரவேற்பறையில் அவளுக்கு இந்தப் பக்கம் துப்பறிவாளர், அந்தப் பக்கம் அவருடைய உதவியாளர். துப்பறிவாளருக்கு ஊர் வைத்த பெயர் ஆமை. தீ விபத்து இன்ஷூரன்ஸ் கம்பெனியில் காலமெல்லாம் சாம்பலைக் கிளறி, யார் யார் தங்கள் கடையைத் தாங்களே கொளுத்திக்கொண்டார்கள் என்று கண்டுபிடித்தவர். சாம்பல் ஆறும்வரை காத்திருந்தே அவருக்கு அப்படியொரு நிதானம் வந்திருந்தது. உதவியாளருக்குப் பெயர் வாயாடி. இதே மாதிரி ஒரு கூடத்தில் வேலை பார்த்து, மேலதிகாரியின் தப்பை எல்லார் முன்னாலும் போட்டு உடைத்துச் சீட்டுக் கிழிக்கப்பட்டவள். அதற்காக இன்றுவரை அவள் வருத்தப்பட்டதில்லை.

விஷயம் இதுதான். சிட்டுவுக்கு ஏழு வயது. பள்ளிக்கூடம் போனவள் வீடு திரும்பவில்லை. ஊருக்கு வெளியே எரிந்துபோன ஒரு கிடங்கில் சின்னதாகச் சில எலும்புகள் கிடைத்தன. அவற்றின் டி.என்.ஏ.வும் சிட்டுவின் பல் தேய்க்கும் பிரஷ்ஷில் இருந்த டி.என்.ஏ.வும் ஒன்றே என்று இந்தக் கூடம் எழுதிக் கொடுத்துவிட்டது. அம்மா கையெழுத்துப் போட்டு எலும்புகள் இருக்கும் பெட்டியை வாங்கிக்கொண்டால் கேஸ் முடிந்தது. துறைமுகத்திலும் ரயில் நிலையத்திலும் சிட்டுவின் போட்டோவை வைத்துக்கொண்டு நிற்கும் போலீஸ்காரர்கள் வேறு வேலைக்குப் போய்விடுவார்கள்.

"உங்க ரத்தத்தை எடுத்து ஒப்பிட்டுப் பார்க்கலையாம்மா?" என்றார் ஆமை.

"நான் பெத்தவ இல்லையே. கைக்குழந்தையா தத்து எடுத்தேன். என் ரத்தத்துல அவ இல்ல." அவள் ஜிப்பை மூடினாள். "பிரஷ் போதும்னு சொல்லிட்டாங்க. எனக்குத்தான் மனசு கேக்கல. பைத்தியம்னு நினைச்சாலும் பரவாயில்ல, நீங்க ஒரு தடவை பாருங்க."

வாயாடி ரிப்போர்ட்டைப் புரட்டினாள். மேலே ஒரு படம், பிரஷ்ஷுக்கு. கீழே ஒரு படம், எலும்புக்கு. இரண்டிலும் இடமிருந்து வலமாக வரிசையாய் நிமிர்ந்து நிற்கும் கோடுகள். அவள் முகத்தில் இருந்த விளையாட்டு மெல்ல வடிந்தது. ஆமையின் சட்டைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு மாடிப்படி ஓரத்துக்குப் போனாள்.

"சார், இது சரியில்ல."

"ரெண்டும் ஒண்ணா இல்லையா?"

"ரொம்ப ஒண்ணா இருக்கு. அதான் இடிக்குது. சாவிக் கடையில டூப்ளிகேட் போடுறதைப் பாத்திருக்கீங்களா?"

"என் வீட்டுச் சாவியை நீ தொலைச்சப்ப பாத்தேன்."

"அதை இப்ப எதுக்கு இழுக்குறீங்க? கேளுங்க. சாவிக்காரன்கிட்ட என்னதான் மெஷின் இருந்தாலும் முதல்ல ஒரு சாவி வேணும். அதைப் பாத்துத்தான் வெட்டுவான். இங்க இருக்கிற மெஷினும் அப்படித்தான். டி.என்.ஏ. துளியூண்டு இருந்தாப் போதும், அதைப் பாத்து கோடி நகல் எடுத்துடும். அந்த முதல் துளிக்குப் பேரு டெம்ப்ளேட். அச்சுன்னு வெச்சுக்குங்க. அச்சு இல்லன்னா மெஷின் நாள் பூரா ஓடினாலும் கரண்டு பில்லுதான் வரும்."

"அச்சு உடைஞ்சிருந்தா?"

"அங்கதான் வர்றேன். நெருப்புல வெந்தா அச்சு துண்டு துண்டாப் போயிடும். குட்டித் துண்டுங்க நகலாகும். நீளமானதுங்க ஆகவே ஆகாது. படத்துல குட்டிங்க இடது பக்கம், நீளமானதுங்க வலது பக்கம். அதனால படத்துல இடது பக்கம் உசரமா ஆரம்பிக்கிற கோடுங்க வலது பக்கம் போகப் போகக் குட்டையாகி, கடைசியில தரையோட படுத்துடணும். இதைப் பாருங்க. கடைசி வரைக்கும் போலீஸ் பரேடு மாதிரி விறைப்பா நிக்குது. வெந்த எலும்புல இருந்து வந்ததுன்னு இது சத்தியம் பண்ணாலும் நான் நம்ப மாட்டேன்."

ஆமை படத்தை வாங்கி நிதானமாகப் பார்த்தார். அவருக்கு அந்தக் கோடுகள் புரியவில்லை. ஆனால் நெருப்பு புரியும்.

"ஒரு துணிக்கடை எரிஞ்சுது," என்றார். "எரிஞ்ச சரக்குன்னு முதலாளி ஒரு பண்டலைக் காட்டினார். மேல எல்லாம் கரி. பிரிச்சா உள்ள மடிப்புக் கலையாத துணி. நெருப்புக்கு அவ்வளவு நாசூக்கு தெரியாது. கரிக்குள்ள துணியை அவர்தான் வெச்சிருந்தார்."

"அப்ப இந்தக் கரிக்குள்ள?"

"கேட்டுப் பாப்போம், வா."

கூடத்தின் தலைமை டாக்டர் அவர்களை உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்தார். மெலிந்த மனிதர். பேசும்போதே மேஜையைத் துடைத்தார். துடைத்த துணியை மடித்தார். மடித்த துணியால் மறுபடி துடைத்தார். அறை முழுக்கக் கிருமிநாசினி நெடி. வாயாடிக்குத் தொண்டை கரித்தது. பழைய வேலையின் ஞாபகம் வந்தது, கூடவே இனம் தெரியாத ஒரு பயமும் வந்தது.

"எரிஞ்சாலும் சில எலும்புல உள்பக்கம் தப்பிச்சிடும்," என்றார் டாக்டர் அமைதியாக. "அதிர்ஷ்டம்தான்."

"அதிர்ஷ்டம்!" என்றாள் வாயாடி. "நல்ல வார்த்தை கிடைச்சுது உங்களுக்கு."

டாக்டர் மறுபடி மேஜையைத் துடைத்தார்.

"பிரஷ்ல இருந்தது தவறிப் போய் எலும்பு ட்யூப்ல கலந்திருக்காதா?" என்று கேட்டார் ஆமை.

"வாய்ப்பே இல்ல. ஒவ்வொரு தடவையும் அச்சே போடாம வெறும் தண்ணியை வெச்சும் ஒரு ட்யூப் ஓட்டுவோம். எங்கேயாவது கலப்படம் இருந்தா அது அந்தத் தண்ணியில காட்டிக் கொடுத்துடும். பாருங்க, சுத்தமா இருக்கு." அவர் ஒரு படத்தை நகர்த்தி வைத்தார். தட்டையான ஒற்றைக் கோடு. "என் கூடத்துல அழுக்குக்கு இடம் கிடையாது."

அதைச் சொல்லும்போது மட்டும் அவர் குரலில் ஒரு பெருமிதம் எட்டிப் பார்த்தது. அடுத்த நொடியே அது போய், முகம் பழையபடி வெளிறியது. பிளாஸ்டிக் உறைக்குள் இருந்த பிரஷ்ஷையும் எடுத்துக் காட்டினார். குழந்தைகள் வைத்திருக்கும் சின்ன பிரஷ், ஆரஞ்சு நிறம். பிடியின் நுனியைக் கடித்துக் கடித்து ஒரு வழி பண்ணியிருந்தார்கள்.

வெளியே வந்ததும் வாயாடி பொரிந்தாள். "பாத்தீங்களா சார்? அந்தாளே தன் வாயால மாட்டிக்கிட்டாரு. அழுக்கு தவறி விழுந்தா எல்லா ட்யூப்லயும்தான் விழும். தண்ணி சுத்தமா இருக்கு. எலும்புல மட்டும் விழுந்திருக்கு. அப்ப அது தவறி விழல, ஒருத்தர் பாத்து விட்டிருக்காரு. அதுவும் எப்படி? வேலை சுத்தமா செய்ற ஆளுங்க டெம்ப்ளேட்டை அளந்து, மெஷினுக்குத் தோதா பக்குவம் பண்ணித்தான் ஊத்துவாங்க. திருட்டு வேலை செய்யும்போதும் கை அதையேதான் செஞ்சிருக்கு. கொஞ்சம் அசிங்கமா செஞ்சிருந்தா நானே ஏமாந்திருப்பேன்."

"எதை விட்டாங்க?"

"பிரஷ்ல இருந்து எடுத்ததைத்தான். கையில இருந்த ஒரே அச்சு அதுதானே."

"அப்ப எலும்பு யாரோடது?"

வாயாடி ரிப்போர்ட்டை மறுபடி முதலிலிருந்து புரட்டினாள்.

"நீ சொல்றதெல்லாம் சந்தேகம்தான்," என்றார் ஆமை. "அதிர்ஷ்டம்னு ஒரு வார்த்தையில கோர்ட்டுல அடிச்சுடுவாங்க. பிரஷ் வந்த வீட்டைப் பாத்துடுவோம்."

சிட்டுவின் அம்மா அவர்களோடு வர மறுத்தாள். "பெட்டியில இருக்கிறது அவளா இருந்தா, தனியா விட்டுட்டு வர மாட்டேன். அவ இல்லன்னா..." அவள் கைப்பையின் ஜிப்பைத் திறந்து மூடினாள். "போய்ப் பாத்துட்டு வாங்க. அதுவரைக்கும் பேனாவைத் தொட மாட்டேன்."

வீடு பக்கத்துத் தெருவில், ஒரு அடுக்குமாடிக் கட்டடத்தின் உச்சியில் இருந்தது. லிஃப்ட் ஓடவில்லை. ஆமை ஒவ்வொரு மாடியிலும் நின்று மூச்சு வாங்கினார். "சார், கேஸ் முடியறதுக்குள்ள மேல போயிடலாமா?" என்று வாயாடி கேட்டாள். கேலி செய்தாளே தவிர அவளும் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டுதான் ஏறினாள்.

கதவைத் திறந்தவள் சிட்டுவின் பெரியம்மா. தங்கையும் அவளும் தத்தம் பெண்களை வைத்துக்கொண்டு ஒரே வீட்டில் இருந்தார்கள். பெரியம்மாவின் மகள் சோபாவின் மூலையில் முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். சிட்டுவைவிடக் கொஞ்சம் பெரியவள். கன்னம் உப்பியிருந்ததால் பூசணி என்று கூப்பிட்டார்கள். சிட்டு போனதிலிருந்து அவள் சரியாகச் சாப்பிடுவதில்லை, கேட்டால் பதிலும் சொல்வதில்லை என்று பெரியம்மா புலம்பினாள்.

ஆமை குளியலறைக்குள் போனார். கண்ணாடிக்குக் கீழே ஒரு குவளை. அதில் பெரியவர்கள் பிரஷ் இரண்டு மட்டும் இருந்தன. அவர் குவளையை எடுத்து, உள்ளே பார்த்து, கீழே வைத்தார். பிறகு வெளியே வந்து, பூசணிக்கு எதிரில் தரையிலேயே சம்மணம் போட்டு உட்கார்ந்தார்.

"பாப்பா, நீ எதால பல்லு தேய்க்கிற?"

அவள் அம்மாவைப் பார்த்தாள். வாயாடியைப் பார்த்தாள். அப்புறம் மெதுவாக ஆள்காட்டி விரலைத் தூக்கிக் காட்டினாள்.

"ஏண்டி, உன் பிரஷ் எங்க?" என்றாள் பெரியம்மா.

அவ்வளவுதான். அந்தக் குழந்தை உடைந்துவிட்டது. விக்கி விக்கி அழுதது. "போலீஸ் மாமா எடுத்துட்டுப் போயிட்டாரு. சித்தி அழுதுகிட்டே குவளையைக் காட்டினாங்க. அவரு சின்ன பிரஷ்ஷைப் பாத்து எடுத்துக்கிட்டாரு. அது என்னுது. சொன்னா எல்லாரும் திட்டுவீங்கன்னு..."

"அப்ப சிட்டுவோட பிரஷ்?" ஆமையின் குரல் அதிரவே இல்லை.

"அவ பைல வெச்சு எடுத்துட்டுப் போனா. ஒரு ஆன்ட்டி வீட்டுல தங்கப் போறாளாம். அங்க நாய்க்குட்டி இருக்காம். சர்ப்ரைஸ், யார்கிட்டயும் சொல்லக் கூடாதுன்னு ஆன்ட்டி சொன்னாங்களாம்."

பெரியம்மா தலையில் கைவைத்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்தாள். ஏழு வயதுக் குழந்தையை யாரும் கதறக் கதறத் தூக்கிக்கொண்டு போகவில்லை. பிரஷ்ஷை எடுத்து வைத்துக்கொள் என்று அன்பாகச் சொல்லிக் கூட்டிப் போயிருக்கிறார்கள். அந்த அன்புதான் வாயாடியை அதிகம் பயமுறுத்தியது.

படியில் இறங்கும்போது அவள் ஆமையின் தோளைப் பிடித்து நிறுத்தினாள்.

"சார், எலும்பும் பிரஷ்ஷும் ஒண்ணுன்னு ரிப்போர்ட் சொல்லுது. பிரஷ் பூசணியோடது. அப்ப ரிப்போர்ட்படி நெருப்புல செத்துக் கரியாப் போன பொண்ணு மேல சோபாவுல உக்காந்து அழுதுகிட்டு இருக்கா."

"ம்."

"என்ன 'ம்'? அந்தாள் வசமா மாட்டிக்கிட்டாரு சார்! உறையில யார் பேரு எழுதியிருந்துதோ அதை நம்பி ஊத்தியிருக்காரு."

"சிட்டு உயிரோட இருக்கலாம்னு நினைக்கிறேன்," என்றார் ஆமை. "அது வெளிய தெரியக் கூடாதுன்னு யாரோ நினைக்கிறாங்க. அதைப் பத்தி யோசி."

அவர்கள் திரும்பியபோது சிட்டுவின் அம்மா டாக்டரின் அறையில் உட்கார்ந்திருந்தாள். மேஜைமேல் ஒரு தகரப் பெட்டி. அதன் பக்கத்தில் காகிதமும் பேனாவும். அவள் பெட்டிமேல் உள்ளங்கையை வைத்திருந்தாள், காய்ச்சல் அடிக்கிற குழந்தையின் நெற்றியில் வைப்பதுபோல. டாக்டர் ஜன்னலோரம் நின்றிருந்தார். அறைக்கும் வராந்தாவுக்கும் நடுவில் கண்ணாடித் தடுப்பு. பேசுவது வெளியே கேட்காது, ஆனால் ஆள் அசைவது எல்லாம் தெரியும்.

ஆமை நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். "டாக்டர், அந்த பிரஷ் சிட்டுவோடது இல்ல."

டாக்டரின் கையில் இருந்த துணி நின்றது.

"அவளோட அக்கா முறைப் பொண்ணோடது. அந்தப் பொண்ணு வீட்டுல இருக்கா. இப்பத்தான் அவகூடப் பேசிட்டு வர்றோம். அவளோட டி.என்.ஏ. எரிஞ்ச எலும்புக்குள்ள எப்படிப் போச்சுன்னு நீங்கதான் சொல்லணும்."

அம்மாவின் கை பெட்டியிலிருந்து துள்ளி விலகியது. "அப்ப இது அவ இல்லையா? இது என் சிட்டு இல்லையா?" ஆமையின் கையைப் பற்றிக்கொண்டு கேட்டாள். அவர் இல்லை என்று தலையசைத்தார். அவள் சிரித்தாளா, விம்மினாளா என்று சொல்ல முடியாத ஒரு சத்தம் வந்தது. வாயாடிக்கும் கண் கலங்கிவிட்டது. இன்றைக்கு நாம் ஜெயித்துவிட்டோம் என்று அவள் நினைத்தாள்.

டாக்டர் நாற்காலியில் தொப்பென்று விழுந்தார்.

"எலும்புல ஒண்ணுமே இல்ல," என்றார். "திரும்பத் திரும்ப ஓட்டிப் பாத்தேன். சுத்தக் கரி. நகல் எடுக்க ஒரு துணுக்கு அச்சு கூட மிஞ்சல. யாரோ வேணும்னே அந்தளவு எரிச்சுப் போட்டிருக்காங்க. அதையே எழுதி அனுப்பலாம்னுதான் இருந்தேன். அப்பத்தான் போன் வந்துச்சு."

"யாரு?"

"தெரியாது. பொம்பளைக் குரல். தங்கமா பேசினா. என் மகன் எந்த ஹாஸ்டல்ல இருக்கான், எந்தக் கட்டில்ல படுக்கிறான், தலைமாட்டுல என்ன வெச்சிருக்கான், எல்லாம் சொன்னா. அப்புறம் உங்க பொண்ணைப் பேச வெச்சா."

"பேசினாளா?" அம்மா எழுந்துவிட்டாள். "என்ன சொன்னா? ஐயோ, சொல்லுங்களேன்!"

"அம்மா எப்ப வருவாங்கன்னு கேட்டா."

அம்மா மறுபடி உட்கார்ந்தாள்.

"உங்களுக்கு வெக்கமா இல்ல?" என்று சீறினாள் வாயாடி. "சார், இப்பவே போலீஸைக் கூப்பிடுறேன். இவங்க கையெழுத்தே போட வேண்டாம்."

"கூப்பிடாதீங்க!" டாக்டர் கும்பிட்டார். "தயவுசெஞ்சு முழுசாக் கேளுங்க. துறைமுகத்துல, ஸ்டேஷன்ல, எல்லா இடத்துலயும் அவ போட்டோ ஒட்டியிருக்கு. தேடுற வரைக்கும் அவளை நாட்டை விட்டுக் கொண்டுபோக முடியாது. இன்னிக்குச் சாயங்காலத்துக்குள்ள கேஸ் மூடியாகணுமாம். மூடலைன்னா அவளை வெச்சுக்கிட்டு இருக்கிறது அவங்களுக்குப் பாரமாம்." அவர் குரல் அடங்கிப்போனது. "'அடுத்த தடவை வர்ற எலும்புல நீங்க எதையும் கலக்க வேண்டியிருக்காது டாக்டர்'னு சொன்னா."

பக்கத்து அறையில் ஏதோ ஒரு மெஷின் தன் வேலையை முடித்துவிட்டு விடாமல் கூவிக்கொண்டிருந்தது.

"இன்னொண்ணு," என்றார் டாக்டர், உதட்டை அசைக்காமல். "யாரும் திரும்பிப் பாக்காதீங்க. வெளிய பெஞ்சுல நீலச் சட்டை போட்டு ஒருத்தன் உக்காந்திருக்கான். கையெழுத்து விழுதான்னு பாக்க வந்தவன். விழுந்ததும் அவங்களுக்குச் சொல்லணும்."

வாயாடியின் பிடரி கூசியது. திரும்பிப் பார்த்துவிடக் கூடாதே என்று மேஜை விளிம்பை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். அவர்கள் கண்டுபிடித்த உண்மையை இந்த அறையை விட்டு வெளியே எடுத்துப் போனால் அதுவே அந்தக் குழந்தையைக் கொன்றுவிடும். ஆமையின் முகத்தைப் பார்த்தாள். அவருக்கும் வழி தெரியவில்லை என்பது அந்த முகத்திலேயே எழுதி ஒட்டியிருந்தது.

சிட்டுவின் அம்மாதான் முதலில் அசைந்தாள்.

அவள் பேனாவை எடுத்தாள். 'என் மகள் இறந்துவிட்டாள் என்பதை ஏற்றுக்கொண்டு' என்று ஆரம்பிக்கும் காகிதத்தைத் தன் பக்கம் திருப்பினாள். லென்ஸ் விளிம்பு பிசகாமல் தேய்த்துப் பழகிய கை. துளி நடுக்கம் இல்லாமல், ஒவ்வொரு எழுத்தாக, நிறுத்தி நிதானமாகக் கையெழுத்துப் போட்டாள்.

போட்டு முடித்த கையோடு பெட்டியைக் கட்டிக்கொண்டு அலறினாள். கண்ணாடித் தடுப்பு அதிரும்படியான அலறல். வராந்தாவில் போய்க்கொண்டிருந்தவர்கள் எல்லாம் நின்றுவிட்டார்கள். "என் கண்ணே, என் தங்கமே, என்னை விட்டுட்டுப் போயிட்டியே!" என்று மார்பில் அடித்துக்கொண்டாள். ஆமை எழுந்து நின்று தலையைக் குனிந்துகொண்டார். வாயாடி ஓடிப்போய் அவளைத் தாங்கிப் பிடித்தாள். அவள் வாயாடியின் கழுத்தைக் கட்டிக்கொண்டு, தோளில் முகத்தைப் புதைத்துக் குலுங்கினாள்.

அவள் தோளுக்கு மேலே, கண்ணாடிக்கு அந்தப் பக்கம், நீலச் சட்டைக்காரன் எழுந்து நிற்பது தெரிந்தது. போனைக் காதில் வைத்து ஒரே ஒரு வார்த்தை சொல்லிவிட்டு, படிக்கட்டுப் பக்கம் நடந்தான்.

வாயாடியின் காதோரத்தில் அம்மாவின் உதடுகள் அசைந்தன. அந்தக் குரலில் அழுகையே இல்லை.

"அவன் கிளம்பியிருப்பான், பாருங்க. நான் எவ்வளவு நேரம் வேணும்னாலும் அழுதுகிட்டே இருக்கேன். நீங்க ரெண்டு பேரும் அவன் பின்னால போங்க."